ஒரு தடவை விழுந்தார், 16 வருஷம் கேட்டார்கள்: லிண்ட்சே ஜேக்கபெல்லிஸ் கதை என்ன?

உலக சாம்பியன்ஷிப்பில் ஐந்து தனிநபர் தங்கம். எக்ஸ் கேம்ஸில் பத்து தங்கம். ஒலிம்பிக்கில் இரண்டு தங்கம், ஒரு வெள்ளி. இப்படி ஒரு கணக்கு வைத்திருக்கும் வீராங்கனையின் பெயரை இணையத்தில் தேடினால் முதலில் என்ன வரவேண்டும்? ஏதாவது ஒரு வெற்றிதானே? ஆனால் அமெரிக்காவின் லிண்ட்சே ஜேக்கபெல்லிஸ் பெயரைப் போட்டால், பல வருஷங்களாக முதலில் வந்து நின்றது அவர் கீழே விழும் வீடியோதான்.

2006 பிப்ரவரி 17 அன்று, இத்தாலியின் டூரின் குளிர்கால ஒலிம்பிக்கில் நடந்தது அது. அப்போது அவருக்கு வயது 20. கையில் இருந்த தங்கம், கோடு தெரியும் தூரத்தில் நழுவியது. அதற்கப்புறம் 2022 வரை, எந்த ஊரில் எந்தப் போட்டியில் ஜெயித்தாலும், "அன்னைக்கு ஏன் அப்படிச் செய்தீர்கள்?" என்ற கேள்வி விடாமல் துரத்தியது.

தவறு செய்தாரா? செய்தார். அதற்கு 16 வருஷம் பதில் சொல்ல வேண்டுமா? இதைப் பேச, முதலில் அந்த விளையாட்டு என்ன, அன்று நடந்தது என்ன என்று தெரிந்தாக வேண்டும்.

ஸ்னோபோர்டு என்றால் என்ன?

பனிச்சறுக்கில் ஒவ்வொரு காலுக்கும் ஒரு பலகை, கையில் இரண்டு கம்பு. ஸ்னோபோர்டில் இரண்டு காலுக்கும் சேர்த்து ஒரே பலகை, கம்பு கிடையாது. கடல் அலைமேல் சறுக்குகிறார்களே, அதையே பனிமலையில் செய்வதுபோல. 1965-இல் அமெரிக்காவின் மிச்சிகனில் ஷெர்மன் பாப்பன் என்பவர் தன் பிள்ளைகள் விளையாடுவதற்காக இரண்டு பனிச்சறுக்குப் பலகைகளைச் சேர்த்துக் கட்டிக் கொடுத்தார். அந்த விளையாட்டுச் சாமானிலிருந்து வளர்ந்ததுதான் இது. 1977-இல் வெர்மான்ட் மாநிலத்தில் ஜேக் பர்ட்டன் கார்பென்டர் இந்தப் பலகையைச் செய்து விற்க ஒரு கம்பெனியே தொடங்கினார்.

ஆரம்பத்தில் இவர்களை மலையில் ஏறவே விடவில்லை. பனிச்சறுக்கு மையங்கள் பலவற்றில் ஸ்னோபோர்டுக்குத் தடை. வசதியானவர்கள் குடும்பத்தோடு வந்து ஒழுங்காகச் சறுக்கும் இடத்தில், தொளதொள பேண்ட் போட்ட பசங்க தாறுமாறாகப் பறப்பது நிறைய பேருக்குப் பிடிக்கவில்லை. 1983-இல் வெர்மான்டின் ஸ்ட்ராட்டன் மலை இவர்களுக்குக் கதவு திறந்தது. பெரிய மையங்களில் முதலில் அனுமதித்தவற்றில் அதுவும் ஒன்று. 1998 நகானோ போட்டியில்தான் ஸ்னோபோர்டு ஒலிம்பிக்குக்குள்ளேயே வந்தது.

இந்தப் பின்னணி ஏன் முக்கியம் என்றால், இந்த விளையாட்டில் வேகம் மட்டும் பெருமை இல்லை. காற்றில் பறக்கும்போது எவ்வளவு அழகாகப் பறக்கிறாய் என்பதும் பெருமை. காற்றில் இருக்கும்போது குனிந்து பலகையின் ஓரத்தைக் கையால் பிடிப்பதை 'கிராப்' என்பார்கள். அதிலேயே முழங்காலை மடக்கி, பலகையை முதுகுப் பக்கம் இழுத்து, குதிகால் பக்கத்து ஓரத்தைப் பிடித்தால் அது 'மெத்தட்'. ஸ்னோபோர்டு பிடித்த எந்தப் பையனையும் பெண்ணையும் கேளுங்கள், முதலில் ஆசைப்பட்டுக் கற்றுக்கொண்டவற்றில் அது இருக்கும்.

ஜேக்கபெல்லிஸ் இந்த ஊர்க்காரர் மாதிரிதான். 1985-இல் கனெக்டிகட் மாநிலத்தில் பிறந்தார். சின்ன வயதில் அண்ணன் பென்னோடு சேர்ந்து பனிமலைக்குப் போனவர், போட்டிகளில் இறங்கினார், பிறகு அதே ஸ்ட்ராட்டன் மலையடியில் இருக்கும் விளையாட்டுப் பள்ளியில் படித்தார். 2005-இல், 19 வயதிலேயே உலக சாம்பியன்.

அன்று டூரினில் நடந்தது என்ன?

அவர் ஆடுவது 'ஸ்னோபோர்டு கிராஸ்' என்ற பிரிவு. டூரினில்தான் அது முதல்முறையாக ஒலிம்பிக்கில் சேர்ந்தது. வேறு சில ஸ்னோபோர்டு போட்டிகளில் ஒவ்வொருவராக வந்து வித்தை காட்டி, நடுவர்களிடம் மதிப்பெண் வாங்குவார்கள். இது அப்படியில்லை. அன்று நான்கு பேர் ஒரே நேரத்தில் ஒரே பாதையில் பாய வேண்டும். வளைவுகளில் சாய்ந்த பனிச்சுவர்கள், நடுவில் அலை அலையாக மேடுகள், தூக்கி எறியும் தாவுமேடைகள். ஒருவர் தடுமாறினால் பக்கத்தில் இருப்பவரையும் சேர்த்து இழுத்துக்கொண்டு போவார். நடுவர் மதிப்பெண் கிடையாது. யார் முதலில் கோட்டைத் தாண்டுகிறாரோ அவருக்குத்தான் தங்கம்.

இறுதிச் சுற்றில் ஜேக்கபெல்லிஸோடு சுவிட்சர்லாந்தின் டான்யா ஃப்ரீடன், கனடாவின் மாயெல் ரிக்கர், டொமினிக் மால்தே. ரிக்கர் மோசமாக விழுந்து போட்டியிலிருந்தே வெளியேறினார். மால்தேயும் பாதையைவிட்டு விலகி, எழுந்து வந்தார். ஜேக்கபெல்லிஸ் ஃப்ரீடனைவிடக் கிட்டத்தட்ட மூன்று விநாடி முன்னால். இந்த விளையாட்டில் மூன்று விநாடி என்பது, பின்னால் யாருமே இல்லாத மாதிரி.

கடைசிக்கு முந்தைய தாவல். பறந்தார். குனிந்து பலகையைப் பிடித்தார். அதே மெத்தட். இறங்கும்போது பலகையின் ஓரம் பனியில் குத்தியது. உட்கார்ந்த வாக்கில் சறுக்கி விழுந்தார். எழுந்து பலகையைத் திருப்பி நேராக்குவதற்குள் ஃப்ரீடன் அவரைத் தாண்டிப் போய்விட்டார். தங்கம் ஃப்ரீடனுக்கு. ஜேக்கபெல்லிஸுக்கு வெள்ளி.

முதலில், நிலைதடுமாறாமல் இருக்கத்தான் பிடித்தேன் என்றார். அப்புறம், சந்தோஷத்தில் செய்தது, கூட்டத்தோடு அதைப் பகிர்ந்துகொள்ள நினைத்தேன் என்று ஒப்புக்கொண்டார். வந்தது வினை. பகட்டு காட்டினாள், திமிர், தேசத்தின் தங்கத்தைத் தூக்கி எறிந்துவிட்டாள் என்று அமெரிக்கப் பத்திரிகைகளும் டிவிகளும் பிடித்துக்கொண்டன. அந்த ஒலிம்பிக்கில் திரும்பத் திரும்பப் போட்டுக் காட்டப்பட்ட காட்சிகளில் அதுவும் ஒன்றானது.

ஒன்றைச் சொல்லிவிடுகிறோம். அது தவறுதான். மதிப்பெண் இல்லாத, வேகம் மட்டுமே கணக்கான போட்டியில் தேவையில்லாமல் ஒரு ஆபத்தை வாங்கினார். அதற்கான தண்டனையும் அங்கேயே, அந்த நிமிஷமே கிடைத்துவிட்டது. தங்கம் போய் வெள்ளி ஆனது. கணக்கு அதோடு தீர்ந்திருக்க வேண்டும்.

ஃப்ரீடனுக்கும் இதில் அநியாயம் நடந்தது. 'ஓசியில் கிடைத்த தங்கம்' என்ற பேச்சு அவர் காதிலும் விழுந்திருக்கும். நான்கு பேரில் மூன்று பேர் தடுமாறிய பாதையில், நின்று, கடைசிவரை விடாமல் துரத்தி வந்தவர் அவர். அந்த வீடியோவில் அவர் பின்னாலிருந்து வரும் ஒரு நிழல் மாதிரிதான் தெரிகிறார்.

ரிக்கரும் அன்று விழுந்தார். அதைப் பற்றி யாரும் பேசவில்லை. நான்கு வருஷம் கழித்து, தன் சொந்த ஊர்ப் பக்கத்து மலையில், வான்கூவர் ஒலிம்பிக்கில் அவர் தங்கம் வென்றார்.

ஜெயித்தால் ஸ்டைல், தோற்றால் திமிரா?

2008 பெய்ஜிங் ஒலிம்பிக். 100 மீட்டர் ஓட்டத்தில் உசேன் போல்ட் கோட்டைத் தொடுவதற்கு முன்னாலேயே கையை விரித்து, மார்பில் தட்டிக்கொண்டு, வேகத்தைக் குறைத்தார். 9.69 விநாடி, உலக சாதனை. ஒலிம்பிக் கமிட்டித் தலைவர் கொஞ்சம் முகம் சுளித்தார், ஆனால் உலகம் கொண்டாடியது. இன்றைக்கும் அந்தப் படம் போஸ்டராக விற்கிறது. கடைசி பத்து மீட்டரில் அவர் கால் இடறியிருந்தால்? அதே கை விரிப்புக்கு வேறு பெயர் வைத்திருப்பார்கள்.

ஸ்னோபோர்டிலேயே ஒரு உதாரணம் உண்டு. 2010 வான்கூவரில் ஷான் ஒயிட், தங்கம் உறுதியான பிறகு கிடைத்த கடைசி வாய்ப்பில், சும்மா சறுக்கிக்கொண்டு வந்திருக்கலாம். ஆனால் தன்னிடம் இருந்ததிலேயே ஆபத்தான சுழற்சியைச் செய்து காட்டினார். ஆஹா என்றார்கள். அவர் பிரிவில் வித்தைக்குத்தான் மதிப்பெண், தங்கமும் ஏற்கனவே அவர் பையில். இரண்டும் ஒன்றல்ல, சரி. ஆனால் உள்ளே இருந்த உந்துதல் ஒன்றுதான்: இது என் விளையாட்டு, இதை ரசித்து ஆடுகிறேன் என்ற உந்துதல். ஒருவருக்கு அது 'மேதைமை', இன்னொருவருக்கு 'பொறுப்பில்லாத்தனம்'.

நமக்கும் இது ஒன்றும் புதுசு இல்லை. 1986 ஷார்ஜாவில் கடைசிப் பந்தில் மியான்டாட் அடித்த சிக்ஸர், நாற்பது தாண்டிய எந்த கிரிக்கெட் ரசிகருக்கும் ஞாபகம் இருக்கும். பந்து போட்டவர் சேத்தன் சர்மா. அடுத்த வருஷமே உலகக் கோப்பையில் ஹாட்ரிக் எடுத்தார், உலகக் கோப்பை வரலாற்றின் முதல் ஹாட்ரிக். டீக்கடையில் சேத்தன் சர்மா என்று சொல்லிப் பாருங்கள், எது முதலில் வருகிறது என்று.

அதற்கப்புறம் என்ன ஆனது?

ஒலிம்பிக்குக்கு வெளியே அவரைத் தொட ஆள் இல்லை. 2007, 2011, 2015, 2017 என்று உலக சாம்பியன் பட்டங்கள் வந்துகொண்டே இருந்தன. எக்ஸ் கேம்ஸில் தங்கம் மேல் தங்கம். ஆனால் நான்கு வருஷத்துக்கு ஒருமுறை ஒலிம்பிக் வரும், பழைய வீடியோ தூசு தட்டப்படும்.

2010 வான்கூவர்: அரையிறுதியில் ஒரு தாவலுக்குப் பிறகு தடுமாறி, பாதையின் கேட்டைவிட்டு விலகினார். விதிப்படி தகுதிநீக்கம்.

2012-இல் அதைவிடப் பெரிய அடி. எக்ஸ் கேம்ஸ் பயிற்சியின்போது முழங்கால் தசைநார் கிழிந்தது. ஒரு அறுவை சிகிச்சை போதவில்லை, மறுபடியும் செய்ய வேண்டியிருந்தது. முழங்காலை நம்பித்தான் இந்த விளையாட்டே. பலர் அதோடு ஒதுங்கியிருப்பார்கள். இவர் 2014 ஜனவரியில் எக்ஸ் கேம்ஸ் தங்கத்தோடு திரும்பி வந்தார். அடுத்த மாதம் சோச்சி ஒலிம்பிக்: அரையிறுதியில் முதலிடத்தில் வந்துகொண்டிருந்தவர், முடிவுக்குச் சற்று முன் மேடுகளில் தடுமாறி விழுந்தார். இந்தத் தடவை வித்தை எதுவும் இல்லை. ஆனாலும் செய்தித் தலைப்புகள் 2006-க்கே ஓடின.

2018 பியாங்சாங்: இறுதிக்கு வந்தார். நான்காமிடம். வெண்கலத்துக்கும் அவருக்கும் இடையே 0.003 விநாடி. கண் இமைக்கும் நேரத்தைப் பல பங்காகப் போட்டால் அதில் ஒரு பங்குதான் அது.

இந்த இடத்தில்தான் 'ஒலிம்பிக் சாபம்', 'மனதளவில் பலவீனம்' என்ற பேச்சுகள் கிளம்பின. இந்தப் பிரிவைத் தெரிந்தவர்கள் அப்படிப் பேச மாட்டார்கள். நான்கு பேர், ஆறு பேர் முட்டிமோதும் ஓட்டத்தில், ஒரு நாளைக்கு நான்கைந்து சுற்று ஒன்றுவிடாமல் தப்பிக்க வேண்டும். உலகின் முதல் நிலை வீராங்கனையும் சில நாட்களில் வேறு யாரோ விழுந்த காரணத்தாலேயே வெளியேறலாம். ஒலிம்பிக் நான்கு வருஷத்தில் ஒரே ஒரு நாள். ஐந்து உலக சாம்பியன் பட்டங்களும் அதே மாதிரி ஒற்றை நாட்களில் வென்றவைதான். அந்த நாட்களில் மட்டும் மனது பலமாக இருந்ததா என்ன?

இடையில் அவர் மனநலப் பயிற்சியாளர் ஒருவரோடு சேர்ந்து வேலை செய்யத் தொடங்கினார். உடம்பைப் பார்த்துக்கொள்ள எத்தனையோ பேர் இருக்கும் விளையாட்டு உலகத்தில், மனதுக்கு ஒரு ஆள் என்பது கொஞ்ச காலம் முன்புவரை ஒளித்துவைக்க வேண்டிய சங்கதியாக இருந்தது. அவர் அதை ஒளிக்கவில்லை.

பெய்ஜிங்கில், ஒரே நாளில் இரண்டு பெண்கள்

2022 பிப்ரவரி 9. இந்த ஒரு தேதியை மட்டும் நின்று பார்க்க வேண்டும்.

அன்று காலை யான்சிங் மலையில் பெண்கள் ஸ்லாலம் போட்டி. அமெரிக்காவின் மிக்கேலா ஷிஃப்ரின், பனிச்சறுக்கு வரலாற்றின் மிகப் பெரிய பெயர்களில் ஒருவர். இரண்டு நாள் முன்புதான் இன்னொரு பிரிவில் ஆரம்பத்திலேயே தடம் மாறி வெளியேறியிருந்தார். ஸ்லாலத்திலும் அதேபோல் தொடக்கத்திலேயே தடம் தவறியது. அவர் பாதையோரமாகப் போய்ப் பனியில் உட்கார்ந்தார். தலையை முழங்காலில் புதைத்துக்கொண்டு ரொம்ப நேரம் அப்படியே இருந்தார். அமெரிக்கத் தொலைக்காட்சி கேமரா அவரைவிட்டு நகரவில்லை. ஒரு மனுஷி உடைந்துபோய் உட்கார்ந்திருப்பதை இவ்வளவு நேரம் காட்ட வேண்டுமா என்று பார்வையாளர்களே கோபப்பட்டார்கள்.

அதே நாள், இன்னொரு மலைப்பகுதியான ஜாங்ஜியாகோவில், 36 வயது ஜேக்கபெல்லிஸ் தன் ஐந்தாவது ஒலிம்பிக்கில் இறங்கினார். இறுதிச் சுற்றில் ஆரம்பத்திலேயே முன்னால் வந்தார். பிரான்ஸின் க்ளோயி ட்ரெஸ்பூ விடாமல் துரத்தினார். கடைசித் தாவல்களில் அவர் உடம்பைக் குறுக்கி, தாழ்வாகப் பறந்து, சுத்தமாக இறங்கினார். பலகையைத் தொடவில்லை. தங்கம். அந்த ஒலிம்பிக்கில் அமெரிக்காவுக்கு அதுதான் முதல் தங்கம். வெள்ளி ட்ரெஸ்பூவுக்கு, வெண்கலம் கனடாவின் மெரியெட்டா ஓடைனுக்கு.

ஒரே நாட்டின் இரண்டு வீராங்கனைகள். ஒருவரின் 16 வருஷச் சுமை இறங்கிய அதே நாளில், இன்னொருவர் தோளில் அதே மாதிரிச் சுமையை ஏற்ற கேமராக்கள் வரிசையில் நின்றன. 2006-லிருந்து ஊடகம் ஏதாவது கற்றுக்கொண்டதா என்று கேட்டால், அந்தக் காலை ஒளிபரப்பைப் பார்த்தவர்கள் ஆமாம் என்று சொல்வது கஷ்டம். மாறியது பார்வையாளர்கள். 2006-இல் விழுந்தவரைத் திட்டிய கூட்டம், 2022-இல் விழுந்தவரைப் படம் பிடித்தவர்களைத் திட்டியது. அது சின்ன மாற்றம் இல்லை.

விளையாட்டுச் செய்தி எழுதும் எங்களைப் போன்றவர்களுக்கும் இதில் பங்கு உண்டு. 'சொதப்பினார்', 'கோட்டைவிட்டார்', 'மண்ணைக் கவ்வினார்' என்று தலைப்பு போடுவது சுலபம், கிளிக்கும் வரும். ஒரு தோல்வியைச் செய்தியாகச் சொல்ல வேண்டியது எங்கள் வேலை. அதையே ஒருவரின் அடையாளமாக ஒட்டி, அவர் ஜெயிக்கும் ஒவ்வொரு செய்தியின் இரண்டாவது வரியிலும் சேர்ப்பது வேலை இல்லை, பழக்கம். 20 வயதுப் பெண் செய்த ஒரு காரியத்தை அவருக்கு 36 ஆகும்வரை சொல்லிக்கொண்டே இருந்தார்கள். அந்த வயதில் நாம் செய்ததையெல்லாம் யாராவது வீடியோ எடுத்து ஓட்டினால் எப்படி இருக்கும், யோசித்துப் பாருங்கள்.

'பழிதீர்த்தார்', 'பாவம் கழுவினார்' என்றெல்லாம் பெய்ஜிங் வெற்றியை எழுதினார்கள். அவர் அதை ஏற்றுக்கொள்ளவில்லை. மீட்சி தேடி வரவில்லை, போட்டியிடத்தான் வந்தேன் என்ற அர்த்தத்தில்தான் பேசினார். 2006-ஐப் பற்றி எவ்வளவு வேண்டுமானாலும் பேசிக்கொள்ளட்டும், தன்னை உருவாக்கியதில் அதற்கும் பங்கு உண்டு என்றார். எங்களுக்கு இதுதான் நியாயமான பதிலாகப் படுகிறது. அந்தத் தங்கம் கிடைக்காமல் போயிருந்தாலும் அவர் ஐந்து முறை உலக சாம்பியன்தான். 'கடைசியில் ஜெயித்தாரே, அதனால் மன்னித்தோம்' என்பது மன்னிப்பே இல்லை.

2023-இல் தன் வாழ்க்கையைப் புத்தகமாக எழுதினார். தலைப்பு 'அன்ஃபர்கிவிங்', அதாவது மன்னிக்காத ஒன்று. பனிச்சரிவும் அப்படித்தான், ஊரும் அப்படித்தான். எதை நினைத்து வைத்தாரோ.

மூன்று நாள் கழித்து

கதை பிப்ரவரி 9-ஓடு முடியவில்லை. அமெரிக்க அணியில் நிக் பாம்கார்ட்னர் என்று ஒருவர். வயது 40. மிச்சிகனின் அயர்ன் ரிவர் என்ற சின்ன ஊர்க்காரர். பனிக்காலத்தில் ஸ்னோபோர்டு, மற்ற நேரத்தில் கான்கிரீட் போடும் வேலை. அவருக்கு அது நான்காவது ஒலிம்பிக், ஒரு பதக்கம் கிடையாது. பிப்ரவரி 10 அன்று காலிறுதியிலேயே வெளியேறி, என்னை நம்பியவர்களை ஏமாற்றிவிட்டேன் என்று கேமரா முன்னால் அழுதார்.

பிப்ரவரி 12 அன்று கலப்பு அணிப் போட்டி. ஒலிம்பிக்கில் அதுதான் முதல்முறை. ஆண்கள் முதலில் ஓடுவார்கள். அவர்கள் என்ன வித்தியாசத்தில் கோட்டைத் தொடுகிறார்களோ, அதே வித்தியாசத்தில் பெண்களுக்கு மேலே கதவு திறக்கும். அமெரிக்காவுக்கு ஜேக்கபெல்லிஸ், பாம்கார்ட்னர் ஜோடி. இரண்டு பேரின் வயதைக் கூட்டினால் 76.

இறுதியில் பாம்கார்ட்னர் முதலாவதாக வந்து, ஜேக்கபெல்லிஸுக்கு நூலிழை முன்னிலை வாங்கித் தந்தார். எதிரில் இத்தாலியின் மிக்கேலா மொயோலி, 2018-இன் தங்க மங்கை. வழியில் மொயோலி முந்தினார். ஜேக்கபெல்லிஸ் அவருடைய காற்றுமறைவிலேயே ஒட்டிக்கொண்டு வந்து, இடம் கிடைத்த நேரத்தில் தாண்டி, முதலாவதாகக் கோட்டைக் கடந்தார். கீழே காத்திருந்த பாம்கார்ட்னர் ஓடிவந்து அவரைக் கட்டிப்பிடித்தார். ஒலிம்பிக் ஸ்னோபோர்டில் பதக்கம் வென்ற மிக மூத்தவர் என்ற பெயர் மூன்று நாளாக ஜேக்கபெல்லிஸிடம் இருந்தது. அன்று அது பாம்கார்ட்னரிடம் போனது.